மூலமும் இடைச்செருகலும்: ஒரு திகில்படத்தின் வரலாறு

ஏட்டுச்சுவடிகளுக்கு மட்டுமே பாடபேதம் உண்டு எனக் கருதுதல் பொருந்தாது. திரைப்படத்திற்கும் மூலபாடம் உண்டு, இடைச்செருகலும் உண்டு. அமெரிக்காவில் 1990ஆம் ஆண்டு வெளிவந்த ‘எக்ஸார்சிஸ்ட் 3’ என்னும் திகில்படம் இதற்குத் தக்க சான்றாகும்.

வில்லியம் பீட்டர் பிளாட்டி 1971இல் வெளியிட்ட ‘எக்ஸார்சிஸ்ட்’ புதினம், 1973இல் வில்லியம் ஃபிரீட்கின் இயக்கத்தில் படமாகிப் பெரும்புகழ் ஈட்டியது. திரைக்கதை எழுதிய பிளாட்டிக்கு ஆஸ்கார் விருதும் கிட்டியது. 1977இல் ஜான் பூர்மன் இயக்கிய இரண்டாம் படத்தில் அவருக்குப் பங்கில்லை. அது பலரது ஏளனத்திற்கு உள்ளாயிற்று. பின்னர், 1983இல் தாம் எழுதிய ‘லீஜியன்’ என்னும் புதினத்தைப் பிளாட்டி தாமே படமாக இயக்கினார்.

இப்படத்தின் அச்சம் உரையாடலிலும் மௌனத்திலும் பிறப்பது. ஜார்ஜ் சி. ஸ்காட் ஏற்ற துப்பறியும் அதிகாரி, மனநோயாளர் பிரிவில் அடைபட்டிருக்கும் ஒருவனோடு நிகழ்த்தும் சொற்போரே படத்தின் உயிர்நாடி. மருத்துவமனைத் தாழ்வாரத்தைத் தொலைவில் நின்று நெடுநேரம் நோக்கும் காட்சியோ இன்றளவும் பேசப்படுகிறது.

ஆயின், தலைப்பிற்கேற்பப் பேயோட்டும் சடங்கு ஒன்று படத்தில் வேண்டும் எனத் தயாரிப்பு நிறுவனமான மார்கன் கிரீக் வற்புறுத்தியது. நிகோல் வில்லியம்சன் நடித்த பாதிரியார் பாத்திரம் புதிதாகப் புகுத்தப்பட்டது. பிராட் டூரிஃப் தனித்து நடித்திருந்த நோயாளி வேடத்தில், முதற்படத்தின் ஜேசன் மில்லரும் பங்குகொண்டார். நீக்கப்பட்ட பகுதிகளின் படச்சுருள்கள் பின்னர்க் கிடைக்கவேயில்லை.

2016இல் ஸ்கிரீம் ஃபேக்டரி நிறுவனம் முறையான உரிமம் பெற்று, திரையரங்க வடிவத்தையும் ‘லீஜியன்’ என்னும் மீட்டுருவாக்கத்தையும் இரு ப்ளூ-ரே வட்டுகளாக வெளியிட்டது. காணாமற்போன பகுதிகளுக்குக் கைகொடுத்தவை, படப்பிடிப்பின்போது அன்றாடக் காட்சிகளைப் பார்வையிடுவதற்காக வி.எச்.எஸ். நாடாக்களில் எடுக்கப்பட்ட படிகளே. துல்லியமான காட்சிக்கு இடையே மங்கிய நாடாக்காட்சி வந்து கலக்கிறது. செல்லரித்த இடத்தை மறைக்காது காட்டும் நேர்மையான பதிப்பைப் போன்றது இது. எது கிடைத்தது, எது இழக்கப்பட்டது என்பதைப் பார்ப்பவர் கண்ணே அறிந்துகொள்கிறது. டூரிஃபின் நடிப்பை இடையீடின்றிக் காணும்போது, பிளாட்டி கருதிய படம் எத்தன்மையது என்பதும் புலனாகிறது.

திருட்டுப்படி உள்ளதைப் படியெடுக்குமேயன்றி, இல்லாததைத் தேடாது. உரிமையாளரின் இசைவும் விலைகொடுத்து வாங்குவோரின் ஆதரவும் கூடிய இடத்திலேயே இத்தகைய மீட்புப்பணி நிகழ இயலும் என்பது ஈண்டு நோக்கத்தக்கது. இவ்வட்டுகள் வெளிவந்த சில மாதங்களில், 2017 ஜனவரியில், பிளாட்டி மறைந்தார். இருபத்தாறு ஆண்டுகள் தாழ்ந்தாலும், படைத்தவர் வாழ்ந்த காலத்திலேயே அவர்தம் மூலபாடம் ஓரளவேனும் வெளிச்சம் கண்டது.