பாட்டியின் குரல் வரும் பாதை

சென்ற வாரம் புக்கிட் பாஞ்சாங்கில் என் மாணவன் ஒருவன், "சென்னைப் பாட்டியின் முகம் துணைக்கோள் வழியாகத்தானே வருகிறது, ஆசிரியரே?" என்று வினவினான். பெரும்பாலும் கடலடி வழியே என்றேன். வகுப்பே வியந்தது. அவ்வரலாற்றைப் பெற்றோரும் அறிவது நலம்.

கப்பலில் வரும் கடிதத்திற்கு நம் முன்னோர் நாள்கணக்கில் காத்திருந்தனர். 1871இல் சென்னை, பினாங்கு, சிங்கப்பூர் ஆகிய மூன்றையும் தந்திக் கடல்வடம் இணைத்தது. செப்புக் கம்பியில் ஓடிய மின்துடிப்புகளே அன்று செய்தியைச் சுமந்தன.

மின்சாரத்தின் இடத்திற்கு ஒளி வந்த கதையில் இந்தியர் ஒருவருக்கும் பங்குண்டு. பஞ்சாபில் பிறந்த நரிந்தர் சிங் கபானி, இலண்டனில் ஹாப்கின்சுடன் இணைந்து, கண்ணாடி இழைக்கற்றை வழியே படிமங்களை அனுப்பிக் காட்டி, அதனை 1954இல் வெளியிட்டார். கண்ணாடி மிகத் தூயதாயின் ஒளி நெடுந்தொலைவு செல்லும் என 1966இல் சார்லஸ் காவ் விளக்கினார். 2009இல் நோபெல் பரிசு காவுக்குக் கிடைத்தது, கபானிக்குக் கிடைக்கவில்லை.

2002இல் சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இடையே ஏறத்தாழ 3,200 கிலோமீட்டர் நீளமுள்ள 'ஐ2ஐ' ஒளியிழைக் கடல்வடம் சேவைக்கு வந்தது. அத்தொலைவை ஒளி கடக்க ஒரு நொடியில் அறுபதில் ஒரு பங்கே போதும். ஒரு முனையில் லேசர் மின்குறிகளை ஒளித்துடிப்புகளாக்கும். மறுமுனையில் ஒளியுணரி அவற்றை மீண்டும் மின்குறிகளாக்கும். நம் வீவக வீட்டில் ஒளியிழை வந்து சேரும் சிறு பெட்டியிலும் இதே பணிதான் நடக்கிறது.

"இதையெல்லாம் தமிழில் பேசலாமா?" என்று அம்மாணவன் பிறகு கேட்டது என்னை உறுத்தியது. பெற்றோர்களே, இன்றிரவு அப்பெட்டியைப் பிள்ளைக்குக் காட்டி, தமிழிலேயே விளக்குங்கள்.