உறைபெட்டியில் மூதாதையர்: நுண்ணுயிர்ப் பரிணாம ஆய்வு வளர்ந்த விதம்

பரிணாமத்தைச் சோதனைக்கூடத்தில் நடத்திப் பார்க்கும் முயற்சி டார்வின் காலத்திலேயே தொடங்கிவிட்டது. இங்கிலாந்தில் மெதடிஸ்ட் போதகராக இருந்த வில்லியம் டாலிங்கர், 1880 முதல் ஏறத்தாழ 7 ஆண்டுகள் ஒருசெல் உயிர்களை வெப்பக்கலத்தில் வளர்த்தார். சுமார் 16 டிகிரி செல்சியஸில் தொடங்கி, மாதக்கணக்கில் காத்திருந்து, சிறுகச் சிறுகச் சூட்டை ஏற்றினார். கடைசியில் அவற்றின் வாரிசுகள் 70 டிகிரியிலும் பெருகின. பழைய வெப்பநிலைக்குத் திருப்பியபோது மடிந்தன. ஒரு விபத்தோடு சோதனை நின்றது. இடைப்பட்ட தலைமுறைகளை உயிரோடு சேமித்து வைக்க அன்று வழியில்லை. அந்தக் குறை தீர்ந்த கதையாகவே இத்துறையின் வரலாற்றைப் படிக்க வேண்டும் என்பது என் கருத்து.

அதற்கு முன் வேறொரு சிக்கல் தீர வேண்டியிருந்தது. வைரஸ் தாக்கிய பாக்டீரியாக் கூட்டத்தில் சில மட்டும் பிழைக்கின்றன. தாக்குதலைச் சந்தித்த பிறகு அவை எதிர்ப்பைப் பெற்றனவா, அல்லது வைரஸைக் காணும் முன்பே தற்செயலான மரபுமாற்றத்தால் அது வந்துவிட்டதா? 1943இல் அமெரிக்காவின் புளூமிங்டன் நகரில், ஒரு நடன விருந்தில் நண்பர் காசு போட்டு ஆடிய சூதாட்ட இயந்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்த சால்வடோர் லூரியாவுக்கு விடை தேடும் வழி புலப்பட்டது. எதிர்ப்பு பிறகு வருவதாக இருந்தால், தனித்தனிக் குழாய்களில் வளர்த்த பாக்டீரியாக்களில் பிழைப்பவற்றின் எண்ணிக்கை ஓரளவு ஒன்றுபோல் இருக்க வேண்டும். முன்பே வந்திருந்தால், தாறுமாறாக இருக்கும். தொடக்கத்திலேயே மாறிவிட்ட ஒரு செல்லுக்குப் பெரும் வம்சம் இருக்குமல்லவா? லூரியாவும் மாக்ஸ் டெல்புரூக்கும் வெளியிட்ட ஒரு சோதனையில் 20 குழாய்கள். அவற்றில் 11இல் ஒன்றுகூடப் பிழைக்கவில்லை. ஒன்றில் 64, இன்னொன்றில் 107. தேவை வந்து மாற்றத்தை உண்டாக்கவில்லை. மாற்றம் முன்பே இருந்தது.

1952இல் ஜோஷுவா, எஸ்தர் லெடர்பெர்க் தம்பதியர் இதை வெல்வெட் துணியால் கண்முன் காட்டினர். ஒரு தட்டில் வளர்ந்த பாக்டீரியாக் கூட்டங்களை முத்திரை குத்துவதுபோல் துணியில் ஒற்றி, வைரஸ் பூசிய பல தட்டுகளில் பதித்தார்கள். எல்லாத் தட்டிலும் அதே இடங்களில்தான் உயிர் துளிர்த்தது. மூலத்தட்டில் அந்த இடத்திலிருந்தவை வைரஸை அதுவரை பார்த்ததேயில்லை. எத்தனை எளிய கருவி, எத்தனை தெளிவான விடை!

உயிரோடு சேமிக்கும் வழி ரிச்சர்ட் லென்ஸ்கியின் சோதனையில்தான் முழுப்பயன் தந்தது. 1988 பிப்ரவரி 24 அன்று, கலிபோர்னியாவின் இர்வைன் வளாகத்தில், ஒரே ஈ.கோலி பாக்டீரியா மூதாதையிலிருந்து 12 குடுவைகளில் வம்சங்களைத் தொடங்கினார். உணவாகச் சிறிதளவு குளுக்கோஸ். நாள்தோறும் நூறில் ஒரு பங்கைப் புதிய குடுவைக்கு மாற்றினால், ஒரு நாளில் 6 தலைமுறைக்கு மேல் கடந்துவிடும். 500 தலைமுறைக்கு ஒருமுறை மாதிரி எடுத்து மைனஸ் 80 டிகிரியில் உறையவைத்தார்கள். வேண்டும்போது உருக்கினால் மூதாதை எழுந்து பேரப்பிள்ளைகளுடன் போட்டியிடும். தொல்லுயிர் எச்சம் எதுவும் தர முடியாத வசதி இது.

பன்னிரண்டும் வேகமாக வளரக் கற்றன, செல்கள் பருத்தன, பன்னிரண்டுமே ரைபோஸ் சர்க்கரையை உண்ணும் திறனை இழந்தன. ஆனால் ஒரு குடுவை மட்டும் தனிவழி போனது. ஊடகத்தில் முதல் நாளிலிருந்தே சிட்ரேட்டும் இருந்தது; ஆக்சிஜன் உள்ள சூழலில் ஈ.கோலி அதை உண்ணாது. 2003இல் ஒரு குடுவை வழக்கத்தைவிடக் கலங்கியிருந்தது. சுமார் 31,500 தலைமுறைகளுக்குப் பின் அதிலிருந்தவை சிட்ரேட்டைத் தின்னத் தொடங்கியிருந்தன.

இது யாருக்கும் எப்போதும் வாய்த்திருக்கக்கூடிய அதிர்ஷ்டமா, அந்த வம்சத்தின் பழைய வரலாறு கொடுத்த வரமா? லென்ஸ்கியின் ஆய்வகத்தைச் சேர்ந்த ஸக்கரி பிளவுண்ட் உறைபெட்டியைத் திறந்தார். வெவ்வேறு காலத்து முன்னோரை உருக்கி மீண்டும் வளர்த்தார். பல லட்சம் கோடி செல்களைச் சோதித்தார். பிற்காலத்து முன்னோரிடமிருந்தே சிட்ரேட் உண்பவை மறுபடி தோன்றின. தொடக்ககால முன்னோர் எவ்வளவு வளர்த்தும் தரவில்லை. முதலில் ஏற்பட்ட ஏதோ சில மாற்றங்கள் வழியைத் திறந்துவைத்திருந்தன. 2012இல் மரபணு வரிசை கடைசிப் படியைக் காட்டியது. சிட்ரேட்டை உள்ளே இழுக்கும் மரபணுவின் பகுதி இரட்டித்து, ஆக்சிஜன் இருக்கும்போதும் இயங்கும் ஒரு தொடக்கியின் (மரபணுவை இயக்கும் டி.என்.ஏ. பகுதியின்) அருகே போய் அமர்ந்திருந்தது. புது மரபணு எதுவும் உருவாகவில்லை, பழையதற்குப் புதிய விசை கிடைத்தது.

2020 மார்ச்சில் பெருந்தொற்று சோதனைக்கூடங்களை மூடியபோது 12 குடுவைகளும் நின்றன. டாலிங்கரின் உயிர்களுக்கு அதுவே முடிவாகியிருக்கும். இவை உறைநிலைக்குச் சென்றன; பின்னர் உருகின; விட்ட தலைமுறையிலிருந்து தொடர்ந்தன. 2022இல் 75,000 தலைமுறைகளைக் கடந்த அந்த வம்சங்கள் டெக்சாஸின் ஆஸ்டினில் உள்ள ஜெஃப்ரி பாரிக்கின் ஆய்வகத்துக்கு இடம்பெயர்ந்தன.