காணிக்காரரும் ஆரோக்கியப்பச்சையும்: ஓர் உடன்பாட்டின் வரலாறு

தமிழ் மரபு பொதிகை எனப் போற்றும் அகத்தியர் மலையின் மேற்குச் சரிவு திருவனந்தபுரம் மாவட்டத்துள் இறங்குகிறது. அச்சரிவின் தொல்குடியினராகிய காணிக்காரர் திருநெல்வேலி, கன்னியாகுமரி மாவட்ட மலைகளிலும் வாழ்கின்றனர். ஆதலின் இவர்தம் வரலாறு தமிழாய்வாளர்க்கும் உரியதாகும். தேன், மெழுகு, ஏலம் முதலியவற்றைத் திரட்டித் திருவிதாங்கூர் அரசுக்கு அளிக்கும் கடமை இவர்களுக்கு இருந்ததை எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தொகுப்பு பதிவு செய்துள்ளது. பழவங்காடியை ஒட்டிய கோட்டையகத்தே வீற்றிருந்த அவ்வரசு காடுபடு பொருளின்மீது உரிமை கொண்டாடியது. அப்பொருள் பற்றிய காணியரின் அறிவு தனியொரு சொத்து என்ற எண்ணமே அன்று எழவில்லை. அவ்வெண்ணம் எழுந்தது இருபதாம் நூற்றாண்டின் இறுதியில்தான்.

நெடுமங்காடு வழியாகச் செங்கோட்டை செல்லும் சாலையில் அமைந்தது பாலோடு. அங்கு 1979இல் வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா மற்றும் ஆராய்ச்சி நிறுவனம் தோற்றுவிக்கப்பட்டது. 1987இல் ப. புஷ்பாங்கதன் தலைமையில் இன உயிரியல் ஆய்வுக்குழு ஒன்று அகத்தியர் மலைக்குச் சென்றது. வழிகாட்டிகளாக வந்த காணியர் ஒரு சிறு செடியின் காய்களைத் தின்றவாறே களைப்பின்றி நடந்தனர். குழுவினர் வினவியபோது அவர்கள் முதலில் தயங்கினர். பின்னரே செடியைக் காட்டினர். அதுவே ஆரோக்கியப்பச்சை, தாவரவியலார் இதனை டிரைக்கோப்பஸ் சைலானிகஸ் என வழங்குவர். சிற்றினப் பெயர் இலங்கையைச் சுட்டுவது. அங்கும் இச்செடி வளரினும் களைப்பு நீக்கும் பயன்பாட்டைச் சொல்லித் தந்தவர் காணியரே.

காணியர் உண்டது காய். ஆய்வகம் மருந்துக்குத் தேர்ந்தது இலை. அதனுடன் அமுக்கரா, திப்பிலி, விஷ்ணுகிரந்தி ஆகியன சேர்த்து ‘ஜீவனி’ உருவாக்கப்பட்டது. 1995இல் கோயம்புத்தூர் ஆர்ய வைத்திய பார்மசிக்கு ஏழாண்டு உற்பத்தி உரிமம் வழங்கப்பட்டது. உரிமக் கட்டணம் 10 லட்சம் ரூபாய்; விற்பனையில் உரிமைத்தொகை 2 விழுக்காடு. இவற்றில் பாதியைக் காணியர்க்கு அளிக்க நிறுவனம் முடிவு செய்தது. பல்லுயிர்ப் பெருக்க உடன்படிக்கை (1992) வலியுறுத்திய பயன்பங்கீட்டிற்கு உலக அளவில் காட்டப்பெறும் முற்கால எடுத்துக்காட்டு இது. எனினும் ஒன்றை மறத்தலாகாது. உரிம ஒப்பந்தத்தில் காணியர் ஒரு தரப்பினர் அல்லர். பங்கு அவர்களுக்கு வழங்கப்பட்டதேயன்றி அவர்களால் பேசிப் பெறப்பட்டதன்று.

பங்கைப் பெற்றுக்கொள்ள ஓர் அமைப்பு வேண்டியிருந்தது. கேரள காணி சமுதாய நல அறக்கட்டளை பதிவு பெற்றது 1997இல்தான். இதற்கிடையே ‘பிலாத்தி’ எனப்படும் குல மருத்துவர் சிலர், தம் அறிவைத் தனியார்க்கு விற்பதை எதிர்த்து முதலமைச்சருக்கு எழுதினர். குற்றிச்சல் ஊராட்சிக் காணியர் இத்திட்டத்தோடு நெருங்கியிருக்க, விதுரா, பெரிங்கம்மலைப் பகுதியினர் விலகியே நின்றனர். ‘சமூகம்’ என்று ஆவணங்கள் ஒருமையில் எழுதுவது களத்தில் ஒருமையாக இருப்பதில்லை.

பெரும் இடர் நிலத்தில் எழுந்தது. செடியின் மருந்துத்தன்மை அதன் இயற்கைச் சூழலிலேயே நன்கு அமைவதால் காணிக் குடும்பங்களே காட்டை ஒட்டிப் பயிரிட ஏற்பாடாயிற்று. ஆனால் குடியிருப்புகள் இருந்தது காப்புக்காட்டில். காட்டிலிருந்து செடிகள் வேரோடு அகற்றப்படும் எனக் கருதிய வனத்துறை இலை சேகரிப்பிற்கு இசையவில்லை. அவ்வச்சம் அடிப்படையற்றதன்று, சந்தை பெருகிய மூலிகைகள் பலவும் காட்டிலிருந்து அருகியுள்ளன. ஆயினும் செடியை அறிந்து காத்து வந்தோரையே அதற்கு ஊறு செய்வோராகக் கருதியது முரணாகும். பயிரிடல் தளர, மூலப்பொருள் வரத்தும் குன்றியது. விற்பனையைச் சார்ந்த உரிமைத்தொகை அதற்கேற்பச் சுருங்கியது.

பல்லுயிர்ப் பெருக்கச் சட்டம் 2002இலும், காட்டில் வாழ்வோரின் நில உரிமையையும் மரபறிவு உரிமையையும் ஏற்ற வன உரிமைச் சட்டம் 2006இலும் இயற்றப்பட்டன. ‘ஜீவனி’யின் முதல் உரிமக்காலம் அதற்குள் முடிந்துவிட்டது.