கீட்ஸைக் கொன்றது விமர்சனமா, கிருமியா?

இன்னைக்கு ஒரு கவிஞரோட மரணமும், அதுக்குச் சொல்லப்பட்ட காரணங்களும்.

ஆங்கிலக் கவிஞர் ஜான் கீட்ஸ் 1821 பிப்ரவரி 23 அன்று ரோம் நகரத்தில் இறந்தார். வயசு 25தான். நோய், டிபி. அவரோட அம்மாவும் தம்பி டாமும் அதே நோயில் போனவங்க. தம்பியைப் பக்கத்திலேயே இருந்து பார்த்துக்கிட்டதும் கீட்ஸ்தான். அதோட அவர் மருத்துவம் படிச்சவர். லண்டன் கய்ஸ் மருத்துவமனையில் பயிற்சி, 1816-ல் உரிமம். 1820-ல் ஒரு ராத்திரி இருமும்போது ரத்தம் வந்தது. அதன் நிறத்தைப் பார்த்ததுமே தன் முடிவு அவருக்குத் தெரிஞ்சுடுச்சு.

ஆனா இலக்கியம் வேற கதை சொன்னது. அவர் இறந்த அதே வருஷம் ஷெல்லி 'அடோனைஸ்' என்ற இரங்கல் கவிதையை வெளியிட்டார். ஒரு பத்திரிகையின் கொடூரமான விமர்சனம்தான் கீட்ஸைச் சாய்ச்சதுன்னு அதன் முன்னுரை சொல்லுது. மென்மையான மனசு, தாங்கல, உடைஞ்சு போச்சு. கேட்க அழகாத்தான் இருக்கு. இந்த அழகு அப்புறமும் விடல. 1853-ல் வந்த வெர்டியின் 'லா டிராவியாட்டா' ஓபராவில், கதாநாயகி டிபியில் சாகும்போதும் பாடிக்கிட்டேதான் சாகிறாள்.

ரோம் அறையில் அழகு எதுவும் இல்லை. டாக்டர் முதல்ல வயித்துக் கோளாறுன்னு நினைச்சார். ஏற்கெனவே ரத்தம் கக்குறவர் உடம்பிலிருந்து இன்னும் ரத்தம் எடுத்தாங்க. ஒரு நாளைக்குச் சாப்பாடு ஒரு நெத்திலி மீன், ஒரு துண்டு ரொட்டி. கீட்ஸ் பசியில் கெஞ்சினார். எங்க ஐடி பாஷையில் சொன்னா, ரூட் காஸ் தப்பு, அதனால ஒவ்வொரு ஃபிக்ஸும் புது பிரச்சினை.

இறந்த பிறகு ரோம் அதிகாரிகள் வந்து அறையிலிருந்த சாமான்களை எரிச்சு, சுவரைக்கூடச் சுரண்டினாங்க. இது தொத்துற நோய்னு அந்த ஊர் நம்பியது. கூடவே இருந்து கவனிச்ச நண்பர் செவர்னுக்கு அது காட்டுமிராண்டித்தனமாத் தெரிஞ்சது. ஆனா உண்மைக்குக் கிட்ட இருந்தது கவிதை இல்ல, அந்த நெருப்புதான். 61 வருஷம் கழிச்சு, 1882-ல், ராபர்ட் கோக் அந்தக் கிருமியைக் கண்டுபிடிச்சு அறிவித்தார்.

ஷெல்லி அன்போடதான் எழுதினார். ஆனா நோய்க்குக் காரணம் மனசுன்னு ஆக்கிட்டா, பிழைக்காதவர் பலவீனமானவர்னு ஆகிடுது. "தைரியமா இரு, எல்லாம் சரியாயிடும்"னு நாமளும் புற்றுநோய் வந்தவங்ககிட்டச் சொல்றோமே, அதுக்குள்ளேயும் இதே கதை ஒளிஞ்சிருக்கு. அடுத்த தடவை அதுக்குப் பதிலா, "சாப்பிட்டீங்களா, வலி எப்படி இருக்கு?"ன்னு கேட்டுப் பாருங்க.

அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.