ஆல்கலாய்டு

ஆல்கலாய்டு என்பது தாவரங்களில் உண்டாகும், நைட்ரஜன் அடங்கிய, பெரும்பாலும் காரத்தன்மை கொண்ட கரிமச் சேர்மங்களுக்கு வழங்கும் பொதுப்பெயர். அல்கலாய்டு என்றும் எழுதுவர். காரப்போலி என்ற தமிழாக்கமும் உண்டு. அபினியிலுள்ள மார்ஃபின், சிங்கோனாப் பட்டையிலுள்ள குயினைன், எட்டிக்கொட்டையிலுள்ள ஸ்ட்ரிக்னின், காப்பியிலுள்ள காஃபீன், புகையிலையிலுள்ள நிக்கோட்டின் ஆகியவை இவ்வகையில் பலரும் அறிந்தவை. பெரும்பாலானவை கசக்கும். மிகச் சிறிய அளவிலேயே நரம்பு மண்டலத்தையும் இதயத்தையும் பாதிக்கக்கூடியவை பல. அமிலத்தோடு சேர்ந்தால் உப்பாகி நீரில் கரையும். காரம் சேர்த்தால் நீரை விட்டுப் பிரிந்து ஈதர், குளோரோஃபார்ம் போன்ற திரவங்களுக்குள் போய்விடும். இந்த இடமாற்றத்தை வைத்துத்தான் இவற்றைச் செடியிலிருந்து பிரிக்கிறார்கள். மேற்சொன்ன இலக்கணத்தில் நைட்ரஜன் தவிர மற்ற உறுப்புகளுக்கு விலக்கு இருப்பதால், எது ஆல்கலாய்டு, எது அல்ல என்ற எல்லை இன்றுவரை முடிவாக வரையப்படவில்லை.

எட்டி, ஊமத்தை, அபினி, காந்தள் ஆகியவற்றின் வீரியம் வேதியியலுக்கு வெகுகாலம் முன்பே தெரிந்ததுதான். சித்த மருத்துவம் இவற்றைச் சுத்தி செய்யாமல் மருந்தில் சேர்ப்பதில்லை. அந்த வீரியம் செடியிலுள்ள எந்தப் பொருளில் இருக்கிறது என்ற கேள்வி 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பாவில் வலுப்பெற்றது. சுவீடனைச் சேர்ந்த ஷீலே எலுமிச்சை, ஆப்பிள் முதலியவற்றிலிருந்து பிரித்தெடுத்தவை எல்லாம் அமிலங்களாகவே இருந்தன. ஆகவே செடியின் சாரமும் அமிலமாகவோ நடுநிலைப் பொருளாகவோதான் இருக்கும் என்று எதிர்பார்த்தனர். செடிக்குள் ஒரு காரம் இருக்கும் என்று யாரும் தேடவில்லை.

அதைக் கண்டவர் பேராசிரியர் அல்லர். ஜெர்மனியின் பாடர்போர்ன் நகரில் ஒரு மருந்துக்கடையில் தொழில் பயின்றுகொண்டிருந்த ஃபிரெடரிக் செர்ட்யூர்னர், வயது இருபதைச் சற்றே தாண்டியவர். அபினி ஒரு முறை அதிகமாகவும் ஒரு முறை குறைவாகவும் வேலை செய்ததே அவருடைய கேள்வி. மருத்துவர் எழுதிய அளவு சரியாக இருந்தும், சரக்கின் தரம் மாறுவதால் நோயாளி ஒருவர் தூங்காமல் தவிப்பார், இன்னொருவர் கண் திறக்க மாட்டார். செர்ட்யூர்னர் அபினியை நீரில் கரைத்து, அதில் அம்மோனியா சேர்த்தார். படிகங்கள் கீழே படிந்தன. அவற்றை அமிலத்தில் கரைத்து மறுபடியும் படியவைத்துத் தூய்மைப்படுத்தி நாய்களுக்குக் கொடுத்துப் பார்த்தபோது அவை உறங்கின. இது நடந்த ஆண்டை 1803, 1804, 1805 என்று நூலுக்கு நூல் மாற்றிச் சொல்கிறார்கள். 1804 என்பதே பெருவழக்கு. முன்னுரிமையும் சச்சரவுக்கு உரியது. பாரிஸ் மருந்தாளுநர் தெரோன் 1803இல் அபினியிலிருந்து ஒரு படிக உப்பைப் பிரித்திருந்தார். செகேன் என்பவரும் 1804இல் இதைப் பற்றி ஓர் ஆய்வுரை படித்தார். அது அச்சேறியது 1814இல்தான். அவர்கள் கையில் கிடைத்தது மார்ஃபின்தானா, வேறொன்றா, இரண்டும் கலந்ததா என்பதில் வரலாற்றாசிரியர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. ஆனால் அபினியின் தூக்கம் தரும் பொருள் ஒரு காரம் என்று தெளிவாக எழுதியவர் செர்ட்யூர்னர்தான்.

முதல் கட்டுரையை யாரும் பொருட்படுத்தவில்லை. 1817இல் அவர் மீண்டும் எழுதினார். இந்த முறை சோதனைக்கு உட்பட்டவர்கள் அவரும், பதினேழு வயதைத் தாண்டாத மூன்று இளைஞர்களும். அரை கிரெயின், அதாவது சுமார் 30 மில்லிகிராம், சாராயத்தில் கரைத்துக் குடித்தனர், முகம் சிவந்தது. அரை மணி கழித்து இன்னோர் அரை கிரெயின். குமட்டலும் தலைசுற்றலும் வந்தன. கால் மணிக்குப் பின் மூன்றாவது. வயிற்றில் கடும் வலி எடுத்து மயக்கம் நெருங்கியபோது செர்ட்யூர்னர் வினிகரைக் குடித்து வாந்தி எடுத்தார். மற்றவர்களுக்கும் அதையே கொடுத்துக் காப்பாற்றினார். இன்று எந்த நெறிக்குழுவும் அனுமதிக்காத சோதனை இது. கிரேக்கக் கனவுத் தெய்வம் மார்ஃபியஸின் பெயரால் அந்தப் பொருளுக்கு மார்ஃபியம் என்று பெயரிட்டார்.

பாரிஸில் வேதியியலர் கே-லுசாக் அக்கட்டுரையைப் பிரெஞ்சில் பெயர்த்து வெளியிடச் செய்தார். மற்றச் செடிகளிலும் இப்படிக் காரங்கள் இருக்கக்கூடும் என்று அவர் கருதினார்; பெயரின் ஈறும் அங்கேதான் 'இன்' என்று ஆயிற்று. அதன்பின் வந்த நான்கைந்து ஆண்டுகளுக்கு இணையான வேகம் தாவர வேதியியலில் மிக அரிது. பாரிஸ் மருந்தாளுநர்களான பெல்த்தியேவும் கவந்தூவும் 1818இல் ஸ்ட்ரிக்னினையும், அடுத்த ஆண்டு புரூசினையும், 1820இல் குயினைனையும் சிங்கோனினையும் பிரித்தெடுத்தனர். இலையின் பச்சைக்குக் குளோரோஃபில் என்று பெயர் வைத்ததும் இதே இருவர்தான். குயினைன் எடுக்கும் முறைக்கு அவர்கள் காப்புரிமை கோரவில்லை. யார் வேண்டுமானாலும் செய்துகொள்ளும்படி வெளியிட்டனர். மலேரியாவுக்குப் பட்டைப் பொடியை விழுங்கிக்கொண்டிருந்த உலகுக்கு, அளந்து கொடுக்கக்கூடிய மருந்து அதன் வழியாகக் கிடைத்தது.

ஆல்கலாய்டு என்ற பெயர் 1819இல் பிறந்தது. ஹாலே நகர மருந்தாளுநர் கார்ல் மைஸ்னர், சபடில்லா விதையில் தாம் கண்ட ஒரு காரத்தைப் பற்றி எழுதும்போது, இவ்வகைப் பொருள்களைக் காரங்கள் என்று சொல்வதைவிடக் காரத்தை ஒத்தவை என்று சொல்வதே பொருத்தம் என்றார். சோடா, பொட்டாஷ் போன்ற காரங்களிலிருந்து இவை பல குணங்களில் வேறுபடுவதே அவர் சொன்ன காரணம். மைஸ்னரின் சொல்லை அன்று பலரும் ஏற்கவில்லை. பெல்த்தியே முதலானோர் தாவரக் காரம் என்றே எழுதிவந்தனர். லாடன்பர்க் தொகுத்த வேதியியல் அகராதியில் யாக்கப்சென் எழுதிய கட்டுரை 1880களில் வந்த பிறகே ஆல்கலாய்டு என்ற சொல் எங்கும் பரவியது என்று கூறப்படுகிறது.

காஃபீன் கிடைத்த கதை அதே 1819ஆம் ஆண்டைச் சேர்ந்தது. யேனாவில் படித்துக்கொண்டிருந்த ஃபிரீட்லிப் ரூங்கே, பெல்லடோனாச் சாறு பட்டால் கண்மணி விரிவதை ஒரு பூனையின் கண்ணில் சொட்டுவிட்டுக் காட்டுவார். கவிஞர் கோத்தே அதைப் பார்க்க விரும்பினார். ரூங்கே கடன் வாங்கிய கோட்டை மாட்டிக்கொண்டு, பூனையைக் கக்கத்தில் இடுக்கியபடி கடைத்தெரு வழியே நடந்துபோனதைப் பின்னாளில் தாமே எழுதியிருக்கிறார். ஒரு கண் விரிந்தும் மறு கண் சுருங்கியும் இருந்த பூனையைப் பார்த்து வியந்த கோத்தே, விடைகொடுக்கும்போது ஒரு பெட்டி காப்பிக்கொட்டையைக் கொடுத்து இதையும் ஆராயுங்கள் என்றார். சில மாதங்களில் ரூங்கே காஃபீனைப் பிரித்துவிட்டார். அதே ஆண்டில் மிளகிலிருந்து பிப்பெரினை எடுத்தவர் டென்மார்க்கின் அர்ஸ்டெட். அதற்கு அடுத்த ஆண்டு மின்னோட்டம் காந்த ஊசியை அசைப்பதைக் கண்டறிந்து புகழ்பெற்றவர் இவரே.

1823இல் டூமாவும் பெல்த்தியேவும் இக்காரங்களைப் பகுத்துப் பார்த்து எல்லாவற்றிலும் நைட்ரஜன் இருப்பதை உறுதிசெய்தனர். 1828இல் நிக்கோட்டினும், 1832இல் கோடீனும், 1860ஐ ஒட்டிக் கோகெய்னும் வந்தன.

நஞ்சியலில் இச்சொல் நீதிமன்றம் ஏறியது பெல்ஜியத்தில். 1850இல் பொகார்மே பிரபு தம் மனைவியின் சகோதரரை நிக்கோட்டின் கொடுத்துக் கொன்றார். தாவர நஞ்சு பிணத்தில் அகப்படாது என்பதே அன்றைய எண்ணம். வேதியியலர் ஸ்டாஸ் உடல் உறுப்புகளை அமிலம் சேர்த்த சாராயத்தில் ஊறவைத்து, காரம் சேர்த்து, ஈதரால் இழுத்தபோது புகையிலை நெடி எழுந்தது. பிரபு 1851இல் தலைவெட்டப்பட்டார். ஸ்டாஸின் முறை சிறு மாற்றங்களோடு வெகுகாலம் தடயவியல் கூடங்களில் நிலைத்தது.

இந்தியாவில் இச்சொல்லின் வரலாறு பெரிதும் நீலகிரியின் வரலாறு. தென் அமெரிக்காவிலிருந்து ஆங்கிலேயரான மார்க்கம் அனுப்பிய சிங்கோனா நாற்றுகளும் விதைகளும் 1860 முதல் உதகைக்கு வந்தன. தாவரவியல் பூங்காவின் கண்காணிப்பாளர் மெக்ஐவர் அவற்றைத் தொட்டபெட்டாவிலும் நடுவட்டத்திலும் நட்டு வளர்த்தார். மலாய்ப் பகுதிகளிலிருந்து கொண்டுவரப்பட்ட சீனக் கைதிகள் நடுவட்டத் தோட்டங்களில் வேலை செய்தனர். மரத்தை வெட்டாமல் பட்டையைக் கீற்றுக் கீற்றாக உரித்து, உரித்த இடத்தை ஈரப் பாசியால் மூடிவைப்பது மெக்ஐவரின் வழி. புதிதாக வளரும் பட்டையில் ஆல்கலாய்டு கூடுதலாக இருந்தது. அதை அளந்து சொல்வதற்கென்றே பிராட்டன் என்ற வேதியியலர் 1866இல் உதகையில் அமர்த்தப்பட்டார்.

நீலகிரியில் நன்றாக வளர்ந்தது செம்பட்டைச் சிங்கோனா. அதில் குயினைன் குறைவு, சிங்கோனிடின் மிகுதி. குயினைன் மட்டுமே மருந்தா, அதன் உறவினங்களும் காய்ச்சலைத் தணிக்குமா என்ற கேள்வி இதனால் பணப் பிரச்சினையும் ஆயிற்று. சென்னை மாகாணத்தில் 1866 முதல் ஒரு மருத்துவக் குழு குயினைன், குயினிடின், சிங்கோனின், சிங்கோனிடின் ஆகிய நான்கையும் காய்ச்சல் நோயாளிகளுக்குத் தனித்தனியே கொடுத்துப் பார்த்தது. நான்கும் ஏறக்குறைய ஒரே அளவில் பலன் தந்தன என்பது அதன் முடிவு. மருந்துகளை அருகருகே வைத்து ஒப்பிட்ட தொடக்ககாலப் பெருஞ்சோதனைகளில் ஒன்றான இது, மருத்துவ வரலாற்று நூல்களில் பெறவேண்டிய இடத்தைப் பெறவில்லை. ஆல்கலாய்டுகளைப் பிரிக்காமல் மொத்தமாக எடுத்த கலவை ஏழைகளின் காய்ச்சல் மருந்தாக விற்கப்பட்டது. ஆனால் லெட்ஜர் என்ற வணிகர் அனுப்பிய விதைகளை 1865இல் வாங்கிய டச்சுக்காரர்கள் குயினைன் மிகுந்த மரங்களை ஜாவாவில் வளர்த்தெடுத்தனர். உலகச் சந்தை அவர்கள் கைக்குப் போனது. நீலகிரித் தோட்டங்கள் பலவற்றில் பின்னர் தேயிலை ஏறியது.

செயற்கையாக முதலில் உருவான ஆல்கலாய்டு கோனீன். 1886இல் லாடன்பர்க் செய்தது. மார்ஃபினின் அமைப்பை 1925இல் முன்வைத்த ராபின்சன் 1947இல் நோபல் பரிசு பெற்றார். ஸ்ட்ரிக்னினை 1954இல் வுட்வர்ட் உருவாக்கினார். குயினைனின் முழுத் தொகுப்பை 1944இல் வுட்வர்ட்டும் டோரிங்கும் முடித்துவிட்டார்களா என்பது விவாதத்துக்குரியது. அவர்கள் நம்பியிருந்த கடைசிப் படி 1918இல் ராபே வெளியிட்டது. 2001இல் ஸ்டோர்க் அதை ஐயுற்றார். 2008இல் அந்தப் படி பழைய முறையிலேயே செய்து காட்டப்பட்டது.

தில்லியில் சலீமுஸ்ஸமான் சித்திக்கி 1931இல் சர்ப்பகந்தி வேரிலிருந்து அஜ்மலினைப் பிரித்து, ஹக்கீம் அஜ்மல் கான் பெயரைச் சூட்டினார். அதே வேரிலிருந்து 1952இல் சுவிட்சர்லாந்தில் ரெசர்ப்பின் எடுக்கப்பட்டது. சென்னை மாநிலக் கல்லூரியில் டி. ஆர். கோவிந்தாச்சாரி நஞ்சறுப்பான் கொடியின் டைலோஃபோரினை ஆராய்ந்தார்.

இலக்கணச் சிக்கலுக்கு வரலாம். 1880இல் கோனிக்ஸ், பிரிடினிலிருந்து வரும் தாவரக் காரங்களே ஆல்கலாய்டுகள் என்றார். இதன்படி காஃபீன் வெளியே போய்விடும். 1910இல் வின்டர்ஸ்டைனும் டிரியரும் வட்டத்தை வெகுவாக விரித்தனர். பின்னர் ஹெக்னவர், அமினோ அமிலத்திலிருந்து பிறந்து நைட்ரஜனை வளையத்துக்குள் கொண்டவை மெய் ஆல்கலாய்டுகள் என்றும், வளையத்துக்கு வெளியே கொண்டவை முன் ஆல்கலாய்டுகள் என்றும், அமினோ அமில வழியில் வராதவை போலி ஆல்கலாய்டுகள் என்றும் வகுத்தார். 1983இல் எஸ். டபிள்யூ. பெல்த்தியே என்ற இன்னொரு வேதியியலர் காரத்தன்மையை இலக்கணத்திலிருந்தே நீக்கி, வளைய அமைப்பும் நைட்ரஜனும் சில உயிரினங்களில் மட்டும் காணப்படுவதும் போதும் என்றார். எதை ஏற்றாலும் சில பொருள்கள் இடறும். காந்தளின் கோல்சிசினுக்குக் காரத்தன்மை இல்லை, அதன் நைட்ரஜனும் வளையத்துக்கு வெளியே உள்ளது. ஆயினும் அதை ஆல்கலாய்டு என்றே நூல்கள் சேர்க்கின்றன. மிளகின் பிப்பெரினை எல்லோரும் சேர்க்கிறார்கள், மிளகாயின் கேப்சைசினைச் சிலர் மட்டுமே. நடைமுறையில் வழக்கே இங்கே வலுவானது.

தமிழ்நாட்டுக் கல்லூரிகளில் மூலிகை ஆய்வு செய்யும் மாணவர் பெரும்பாலும் இச்சொல்லை மூன்று நிறங்களாக அறிகிறார். இலைப்பொடியை நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் ஊறவைத்து வடிகட்டி, சில துளி டிராகன்டார்ஃப் கரைசல் விட்டால் ஆரஞ்சு வீழ்படிவு, மேயர் கரைசலுக்குப் பாலாடை நிறம், வாக்னர் கரைசலுக்குச் செம்பழுப்பு. அட்டவணையில் ஒரு கூட்டல் குறி விழும். புரதங்களும் மேயர் கரைசலைக் கலங்கவைக்கும். காஃபீனோ அதற்கு மசியாது. எனவே கூட்டல் குறி ஒரு தொடக்கம் மட்டுமே. கசப்பானவை எல்லாம் ஆல்கலாய்டு என்ற எண்ணமும் பரவலாக உள்ளது. நிலவேம்பின் கசப்பும் வேம்பின் கசப்பும் நைட்ரஜன் இல்லாத டெர்பீன் வகைச் சேர்மங்களால் வருபவை. மஞ்சளின் குர்க்குமின் ஆல்கலாய்டு அன்று. மரமஞ்சளின் பெர்பெரின் ஆல்கலாய்டு.

வேளாண் பொருளாகவும் இச்சொல் தமிழகத்தில் வேரூன்றியிருக்கிறது. மூலனூர், ஒட்டன்சத்திரம், வேதாரண்யம் பகுதிகளில் கண்வலிக்கிழங்கு என்ற பெயரில் செங்காந்தள் பயிராகிறது. கோல்சிசினுக்காக அதன் விதை ஏற்றுமதியாகிறது. அப்பூவின் சூல்தண்டு, மகரந்தப் பைகளிலிருந்து விலகிச் செங்கோணமாக வளைந்து நிற்பதால் தானாகக் காய்பிடிப்பது குறைவு. காலை வேளையில் பூப்பூவாகக் கையால் மகரந்தம் தொட்டுவைப்பதே அங்குள்ள முறை. மடகாஸ்கரிலிருந்து வந்த நித்தியகல்யாணி தென்மாவட்டங்களின் மானாவாரி நிலங்களில் வளர்கிறது. நீரிழிவுக்கு நல்லதென்று ஜமைக்காவில் குடித்துவந்த அதன் இலைக் கஷாயத்தைக் கனடாவில் சோதித்தபோது சர்க்கரை குறையவில்லை, வெள்ளையணுக்கள் குறைந்தன. 1958இல் வின்பிளாஸ்டின் கிடைத்தது இப்படித்தான். வின்கிறிஸ்டினும் அதே செடியிலிருந்து வந்து குழந்தைகளின் இரத்தப் புற்றுநோய்ச் சிகிச்சையில் நிலைபெற்றது. ஒரு கிராம் மருந்துக்குப் பல நூறு கிலோ உலர்ந்த இலை தேவை.

2015இல் ஈஸ்டுக்குள் அபினி வகை ஆல்கலாய்டு உருவாக்கப்பட்டது. 2022இல் வின்பிளாஸ்டினின் முன்னோடிச் சேர்மங்களும் அவ்வாறு உருவாக்கப்பட்டன. எட்டி மரம் ஸ்ட்ரிக்னினை உண்டாக்கும் வழியும் அதே ஆண்டில் வெளியானது.