கேற் முதலியார் காரியப்பரும் கல்முனையின் வயல்வெளியும்

இலங்கையின் கிழக்குக் கரையில் கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று என்று முஸ்லிம்களும் தமிழர்களும் அருகருகே வாழும் ஊர்கள் வரிசையாக அமைந்துள்ளன. கடலை நோக்கி வீடுகளும், மேற்கே கண்ணுக்கெட்டிய தூரம் வரை நெல்வயல்களும் இருக்கும். அந்த வயல்களின் பெருநிலக்காரரைப் ‘போடியார்’ என்பர். போடியாருக்காக வேளாண்மை செய்தவர் முல்லைக்காரர். வயலுக்கு நீர் பங்கிட்டவர் வட்டை விதானை. வாக்குரிமை வந்தபோது இந்த ஏணியின் உச்சியில் இருந்தவர்களே மக்கள் பிரதிநிதிகளாகவும் ஆனார்கள் என்பதில் வியப்பில்லை.

அந்த மரபின் மிகப் பெரிய அரசியல் முகம் கேற் முதலியார் எம். எஸ். காரியப்பர். 1899இல் பிறந்தவர். பிரித்தானிய ஆட்சி வழங்கிய ‘கேற் முதலியார்’ என்ற கௌரவப் பட்டம் கடைசிவரை அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1956 பொதுத் தேர்தலில் அவர் கல்முனையில் தமிழரசுக் கட்சியின் வேட்பாளராக வென்றார். பக்கத்துப் பொத்துவில் தொகுதியில் அதே கட்சியின் சார்பில் எம். எம். முஸ்தபா வென்றார். செல்வநாயகம் தலைமையிலான அக்கட்சி அத்தேர்தலில் பெற்ற 10 ஆசனங்களில் இவை இரண்டும் அடங்கும். ‘தமிழ் பேசும் மக்கள்’ என்ற சொற்றொடர் முஸ்லிம்களையும் உள்ளடக்கியது என்பதற்கு இந்த வெற்றிகளே அன்று சாட்சியாகக் காட்டப்பட்டன.

ஆனால், இருவருமே பின்னர் அரசாங்கத்தின் பக்கம் சாய்ந்தனர். முஸ்தபா, தகநாயக்காவின் அமைச்சரவையில் 1959 - 60 காலப்பகுதியில் நிதியமைச்சராகவும் இருந்தார். 1960 ஜூலைத் தேர்தலில் தமிழரசுக் கட்சியின் சார்பில் கல்முனையில் வென்ற எம். சி. அகமதுவும் இதே பாதையில்தான் சென்றார். தமிழ் அரசியல் மேடைகளில் இது நெடுங்காலம் ‘துரோகம்’ என்றே பேசப்பட்டு வந்தது.

துரோகம் என்ற ஒற்றைச் சொல் எதையும் விளக்கிவிடுவதில்லை. ஒருவர் மாறினால் அது அவருடைய குணம் எனலாம். ஒரே கரையில் அடுத்தடுத்து மூவர் மாறினால், காரணத்தை மண்ணில்தான் தேட வேண்டும்.

1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. பட்டிப்பளை ஆறு என்று தமிழில் வழங்கிய அந்த ஆறு இங்கினியாகலையில் மறிக்கப்பட்டு, சேனாநாயக்க சமுத்திரம் உருவாயிற்று. மேட்டுநிலத்தில் புதிய குடியேற்றங்கள் எழுந்தன. அவற்றில் பெரும்பாலானவை சிங்களக் குடியேற்றங்கள். கரையோரத்துப் பழைய வயல்களோ வாய்க்காலின் கடைசியில் இருந்தன. வட்டை விதானையின் கையிலிருந்த நீர், கொழும்பில் தீர்மானிக்கப்படும் நீராக மாறியது. 1956 ஜூனில், சிங்களம் மட்டும் சட்டம் வந்த வேளையில், அதே கல்லோயாப் பள்ளத்தாக்கில் நடந்த வன்முறையில் நூற்றுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதாக மதிப்பிடப்படுகிறது. வாய்க்காலின் கடைசியில் இருக்கும் விவசாயியின் பிரதிநிதி, மதகின் சாவியை வைத்திருப்பவருடன் எவ்வளவு காலம் பகைத்திருக்க முடியும்? எதிர்க்கட்சியில் இருந்தால் கொள்கை தப்பும்; ஆளும் கட்சியில் இருந்தால் வேளாண்மை தப்பும் என்ற இக்கட்டு அது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. 1958இல் பிலிப் குணவர்த்தன கொண்டுவந்த நெற்காணிச் சட்டம் குத்தகை விவசாயிக்கு நிலையான உரிமை தந்தது. குத்தகைக்கு உச்சவரம்பும் விதித்தது. அந்தச் சட்டம் யாருக்காக வந்ததோ, அந்த முல்லைக்காரரின் மகன் எவரும் கல்முனை உறுப்பினராக அன்று பாராளுமன்றத்தில் இருக்கவில்லை. விவசாயியின் பெயரால் பேசியவர்கள் நிலக்காரர்களே.

காரியப்பரின் அரசியல் வாழ்வு முடிந்தது வயலில் அல்ல, வழக்கு மன்றத்தில். 1959இல் நியமிக்கப்பட்ட தலகொடபிட்டிய இலஞ்ச விசாரணை ஆணைக்குழு, அவர் மீதான குற்றச்சாட்டுகள் நிரூபணமானதாக அறிவித்தது. அதற்குப் பின்னும் 1965 தேர்தலில் கல்முனை மக்கள் அவரையே தெரிந்தனர். அதே ஆண்டில், ஆணைக்குழு குற்றங்கண்டவர்களின் குடியியல் உரிமைகளை ஏழாண்டுகளுக்குப் பறிக்கும் 14ஆம் இலக்கச் சட்டம் நிறைவேறியது. அவருடைய ஆசனமும் பறிபோனது. தன்னை உறுப்பினராக ஏற்று வேதனம் வழங்கக் கோரி, பிரதிநிதிகள் சபையின் செயலாளர் விஜேசிங்கவுக்கு எதிராக வழக்குத் தொடுத்தார். உயர் நீதிமன்றத்தில் தோற்று, லண்டன் கோமறை மன்றம் வரை சென்றார். 1967இல் அங்கும் தோற்றார். தண்டனையை நீதிமன்றமே விதிக்க வேண்டும், பாராளுமன்றம் விதிக்கலாகாது என்பது அவர் வாதம். இச்சட்டம் நீதித்துறை அதிகாரத்தைப் பறிக்கவில்லை என்பது மன்றத்தின் முடிவு. பொதுநலவாய நாடுகளின் அரசியலமைப்புச் சட்ட மாணவர்கள் இன்றும் ‘காரியப்பர் எதிர் விஜேசிங்க’ வழக்கைப் படிக்கிறார்கள். கல்முனையின் பெயர் உலகச் சட்ட நூல்களில் ஏறியது இவ்வாறுதான்!

வயலின் இக்கட்டு கட்சி மாறியதை விளக்கலாம். இலஞ்சத்தை அது நியாயப்படுத்தாது. இரண்டையும் ஒன்றாகக் கலந்து அவரை வெறும் துரோகியாகவோ வெறும் தியாகியாகவோ வரைவது வரலாறு ஆகாது.

1989இல் விகிதாசாரத் தேர்தலில் அம்பாறை மாவட்டத்திலிருந்து எம். எச். எம். அஷ்ரப் பாராளுமன்றம் சென்றார். போடியாரின் இடத்துக்குச் சட்டத்தரணி வந்தார். தேசியக் கட்சிகளின் நிழலுக்குப் பதிலாக முஸ்லிம்களின் சொந்தக் கட்சி வந்தது. அவரும் பிறகு 1994இல் அரசாங்கத்தில் அமைச்சரானார். ஆட்கள் மாறினர், கட்சிகள் மாறின. வாய்க்காலின் கடைசியில் இருப்பவனின் நிலை மட்டும் மாறவில்லை. கிழக்கின் தமிழ் - முஸ்லிம் உறவைப் பற்றிப் பேசுவோர் கட்சித் தாவல்களின் பட்டியலோடு நின்றுவிடாமல், அந்த நீர்ப்பாதையையும் ஒருமுறை நடந்து பார்க்க வேண்டும்.