வானத்துக் கணக்குப்பிள்ளை

ஆம்பூருக்குப் பக்கத்தில் என் மாமனாருக்கு ஒன்றரை ஏக்கர் நஞ்சை இருந்தது. பாலாற்றை ஒட்டிய நிலம், நல்ல ஊற்றுக் கிணறு. 1976-ல் எனக்குக் கல்யாணமான புதிதில் அந்தக் கிணற்றுத் தண்ணீரைக் கையால் அள்ளிக் குடித்திருக்கிறேன். எண்பதுகளின் நடுவில் அதே தண்ணீர் வாயில் வைக்க முடியாதபடி கரித்தது. வரப்போரம் வெள்ளையாக உப்புப் பூத்தது. நெல் கைவிட்டது. தென்னையில் குரும்பை நிற்கவில்லை.

அப்போது நான் ஓர் அரசு அலுவலகத்தில் எழுத்தர். கிராமங்களிலிருந்து வரும் பயிர்க் கணக்கைத் தொகுத்து மேலே அனுப்புவது என் வேலை. ஒரு நாள் மாமனார் சிரித்துக்கொண்டே கேட்டார்: "ஏன் மாப்பிள்ளை, உங்க கணக்குல நம்ம ஊர்ல இன்னும் நெல்லு விளையுதா?"

விளைந்துகொண்டுதான் இருந்தது! ஒரு கிராமத்துக் கணக்கு வரத் தாமதமானால், சென்ற வருடத் தொகையைப் பார்த்து, நாலு ஏக்கர் கூட்டியோ குறைத்தோ எழுதி அனுப்பிவிடுவோம். எல்லோரும் செய்ததைத்தான் நானும் செய்தேன். யாரும் கேட்டதில்லை, மாமனாரைத் தவிர.

பணி ஓய்வுக்குப் பிறகு, இதே உப்பு, இதே வெளுத்த மண், வேறோர் ஊரில் எப்படி ஒழுங்காகக் கணக்கில் ஏறியது என்று படித்தேன். அந்த ஊர் பிச்சாவரம். அங்கே கணக்கு எழுதியது வானத்தில் சுற்றும் செயற்கைக்கோள். அந்தக் கதையைத்தான் இன்று சொல்லப் போகிறேன்.

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். எங்கள் ஆசிரியர் ஒருவர் நாதார் என்ற புகைப்படக்காரரைப் பற்றிச் சொல்வார். 1858-ல் பாரீசுக்கு அருகே பலூனில் ஏறி, உலகிலேயே முதன்முதலாக வானத்திலிருந்து பூமியைப் படம் எடுத்தவர். அந்தப் படம் இன்று இல்லை. ஆனால் மேலே போனால்தான் ஊர் முழுதாகத் தெரியும் என்ற யோசனை நிலைத்துவிட்டது. இந்தக் கலைக்கு பிரெஞ்சில் 'தெலெதெதெக்சியோன்' என்று பெயர். தூரத்திலிருந்து துப்புத் துலக்குவது என்று பொருள் கொள்ளலாம். நம்மவர்கள் தொலையுணர்வு என்கிறார்கள்.

நம் நாட்டில் இது தொடங்கியது ஒரு தென்னை வியாதியில். 1970 வாக்கில், விஞ்ஞானி பிஷாரடியின் முயற்சியால், கேரளத்தில் வாடல் நோய் கண்ட தென்னந்தோப்புகளை ஹெலிகாப்டரில் பறந்து அகச்சிவப்புப் படம் எடுத்தார்கள். நல்ல மரமும் நோய் கண்ட மரமும் அந்தப் படத்தில் தனித்தனியாகத் தெரிந்தன. 1979-ல் பாஸ்கரா போயிற்று. கடலை ஆராய்வதற்கான நுண்ணலைக் கருவியும் அதில் இருந்தது. 1988 மார்ச் 17 அன்று, சோவியத் ராக்கெட்டில் ஏறி ஐ.ஆர்.எஸ்.-1ஏ சென்றது. 22 நாளைக்கு ஒரு முறை அதே இடத்துக்கு மேலே திரும்பி வரும். அதன் நல்ல கேமராவுக்கு ஒரு கட்டம் என்பது 36.25 மீட்டர். நம் கணக்கில் சுமார் 32 சென்ட். என் மாமனாரின் நிலம் நாலைந்து கட்டத்தில் அடங்கிவிடும்! 1999 மே 26 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து கடலுக்கென்றே ஓஷன்சாட் கிளம்பியது. கடல்நீரின் நிறத்தையும் வெப்பத்தையும் செயற்கைக்கோள்களில் பார்த்து, எங்கே மீன் கூடும் என்று ஹைதராபாத்திலிருந்து மீனவர்களுக்குத் தகவல் சொல்கிறார்கள்.

இந்தப் படத்தில் காடு எப்படித் தெரியும்? பச்சை இலை, நம் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளியை நன்றாகத் திருப்பி அனுப்பும். அந்த ஒளிக்குச் சிவப்பு நிறம் கொடுத்து அச்சிடுவார்கள். ஆகவே காடு செக்கச் செவேலென்று இருக்கும். தண்ணீர் அந்த ஒளியை விழுங்கிவிடுவதால் கறுப்பு. எதுவும் முளைக்காத உப்பு மண் வெளிறித் தெரியும்.

இனி பிச்சாவரம். சிதம்பரத்துக்குக் கிழக்கே, வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில், சுமார் 1,100 ஹெக்டேர் சதுப்பு. எம்.ஜி.ஆரின் 'இதயக்கனி' படத்தில் அந்தக் காட்டையும் ஓடைகளையும் நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். தில்லை, சுரபுன்னை, கண்டல் என்று உப்பு நீரிலேயே வளரும் மரங்கள். தில்லை மரத்தால்தான் சிதம்பரத்துக்கே தில்லை என்று பெயர். நாங்கள் படித்த ஊரில் இருக்கும் பிரெஞ்சு ஆய்வு நிறுவனம், பிரான்சுவா பிளாஸ்கோ எழுதிய இந்தியக் கண்டல் காடுகள் பற்றிய நூலை 1975-லேயே வெளியிட்டது.

அந்தக் காட்டில் நடுநடுவே பெரிய பெரிய வழுக்கைகள் விழுந்திருந்தன. ஆடு மாடு மேய்க்கிறவர்களும் விறகு வெட்டுகிறவர்களும்தான் காரணம் என்பது வெகுகாலம் இருந்த எண்ணம். செயற்கைக்கோள் படம் வந்தது. வழுக்கை எங்கே, எவ்வளவு என்று துல்லியமாகக் காட்டியது. ஏன் என்று அது சொல்லவில்லை. படத்துக்குச் சொல்லவும் தெரியாது.

தொண்ணூறுகளில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார் சேற்றில் இறங்கினார்கள். மண்ணின் உப்பை அளந்தார்கள், பழைய வனத்துறைப் பதிவுகளைப் புரட்டினார்கள். காரணம் அங்கே கிடைத்தது. வெள்ளைக்காரர் காலத்தில் தொடங்கி 1970-கள் வரை, காட்டைப் பகுதி பகுதியாகப் பிரித்து, முறை வைத்து, ஒரு பகுதியை அடியோடு வெட்டுவது வழக்கமாக இருந்தது. மரம் போனதும் சேறு வெயிலில் காய்ந்தது. காய்ந்த மண் அமிழ்ந்து, தொட்டி மாதிரி பள்ளமாயிற்று. ஓதத்தில் ஏறி வந்த கடல்நீர் அந்தப் பள்ளத்தில் தங்கிவிட்டது. தண்ணீர் ஆவியாகும், உப்பு ஆவியாகுமா? வருடா வருடம் உப்பு சேர்ந்து, உப்பில் வளரும் மரமே முளைக்க முடியாத நிலை வந்தது. பழி மேய்ச்சல்காரன் மேல். செய்ததோ அரசாங்கத்தின் வெட்டு முறை.

காரணம் தெரிந்ததும் வைத்தியம் சுலபம். நடுவில் ஒரு வாய்க்கால், இரு பக்கமும் சாய்வாகக் கிளை வாய்க்கால்கள், மேலிருந்து பார்த்தால் மீன்முள் போல இருக்கும். ஓதம் ஏறும்போது தண்ணீர் உள்ளே போய், இறங்கும்போது உப்பையும் கழுவிக்கொண்டு வெளியே வரும். வனத்துறையும் கிராமத்து மக்களும் சேர்ந்து வெட்டினார்கள், கரையோரம் கண்டல் நட்டார்கள். பிறகு 1986-ன் படத்தையும் 2002-ன் படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். காட்டின் பரப்பு சுமார் 90 சதவீதம் கூடியிருந்தது! வெளிறிய இடம் சிவந்திருந்தது.

இரண்டு வருடம் கழித்து, 2004 டிசம்பர் 26, சுனாமி. கடலூர் மாவட்டக் கடற்கரையின் முன்-பின் செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டு, மரங்களுக்குப் பின்னால் இருந்த இடங்களில் சேதம் குறைவு என்று 2005-ல் ஓர் ஆய்வு வந்தது. ஊர் கடலிலிருந்து எவ்வளவு தூரம், எவ்வளவு மேடு என்பதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும் என்று வேறு ஆய்வாளர்கள் மறுத்தார்கள். அது நல்ல வாதம். ஆனால் இரு தரப்பும் வாதாடத் தேதி போட்ட படம் கையில் இருந்தது.

இப்போது நம் பாலாற்றுக்கு வருகிறேன். தோல் கெடாமல் இருக்க உப்புப் போட்டுத்தான் மண்டிக்கு வரும். ஊறவைத்துக் கழுவும்போது அந்த உப்பு முழுவதும் தண்ணீரில் இறங்கும். குரோமியத்தைப் பிரித்து எடுக்கலாம். கரைந்த உப்பை எடுப்பதற்குத்தான் பெருஞ்செலவு. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று நீதிபதி குல்தீப் சிங் அமர்வு உச்ச நீதிமன்றத்தில் தீர்ப்புச் சொன்னது. மாசு செய்தவனே ஈடு கட்ட வேண்டும் என்ற கொள்கை அதில் நிலைநாட்டப்பட்டது. தோல் பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம், பாதியாகவோ முழுதாகவோ பயிருக்கு உதவாமல் போனதாக, வேளாண் பல்கலைக்கழகத்தின் வேலூர் ஆராய்ச்சி மையம் சொன்ன கணக்கும் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது. அதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த 35,000-ல் எத்தனை ஏக்கர் என் மேஜையில் நெல் விளைந்த நிலமாகக் கடந்து போயிருக்கும்?

வானத்துக் கணக்குப்பிள்ளை சென்ற வருடத்தைப் பார்த்து எழுத மாட்டார். அவரிடம் உள்ள பெரிய குணம் அதுதான். ஆனால் அவருக்கும் குறை உண்டு. கிணற்றுக்குள் எட்டிப் பார்க்க அவரால் முடியாது. மண்ணுக்கு அடியில் ஊறும் உப்பு அவர் கண்ணில் படாது. பயிர் வாடி, நிலம் வெளுத்த பிறகுதான் தெரியும். பிச்சாவரத்தில் சேற்றில் இறங்கிய மனிதர்கள் இல்லாவிட்டால், அந்தப் படத்தை வைத்தே மேய்ச்சல்காரனைத் தண்டித்திருப்பார்கள்.

ஆகவே, இதைப் படிக்கும் ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டைப் பெரியவர்களுக்கு ஒரு விண்ணப்பம். உங்கள் வீட்டுக் கிணறு எந்த வருடம் கரிக்க ஆரம்பித்தது, அதற்கு முன் நிலத்தில் என்ன விளைந்தது, கடைசியாக எப்போது நெல் நட்டீர்கள் என்று ஒரு தாளில் எழுதி வையுங்கள். சர்வே எண்ணோடு எழுதுங்கள். நம் பேரன்கள் பழைய படங்களைத் தேடி எடுத்துக்கொள்வார்கள். அந்தப் படத்துக்குப் பக்கத்தில் வைக்க நம் வாய்மொழி வேண்டும். அது நம்மோடு போய்விடக் கூடாது.

நான் என் மாமனார் நிலத்துக்கு எழுதிவிட்டேன். 1983 வரை நெல். 1984-ல் தண்ணீர் கரித்தது. 1986 முதல் தரிசு. நாற்பது வருடம் தாமதமாக என் கணக்கைத் திருத்தியிருக்கிறேன். கேட்க அவர்தான் இல்லை.